ஆணியில் தொங்கிய சாவியும் ஹைகோர்ட்டு தீர்ப்பும்

மாரியம்மாவை நம்பிக் குடும்பம் நடத்தும் அக்கா தங்கைகளே, நான் ஆறாம் வகுப்போடு நின்றவள். எழுத்தில் தப்பு இருந்தால் பொறுத்துக்கொள்ளுங்கள். கோபத்தை மட்டும் குறைக்கச் சொல்லாதீர்கள்.

போன வருடத்துக்கு முந்தின வருடம் ஆடி மாதம் என் வீட்டுக்காரர் சேகர் மேல் பைக் திருடினார் என்று கேஸ் போட்டார்கள்.

அவர் பெங்களூரில் நைட் ஷிப்ட் வாட்ச்மேன். எங்கள் லைன் வீடுகளில் மூன்று வீடு தள்ளி இருக்கும் மணி, பகல் வேலைக்காரன். அவன் விடிகாலையில் எங்கள் ஊர் கோரமண்டல் ஸ்டேஷனுக்கு பைக்கில் வந்து, சாவியை டீக்கடை ஆணியில் மாட்டிவிட்டு ரயில் ஏறுவான். என் வீட்டுக்காரர் வேலை முடிந்து காலையில் இறங்கி அந்தச் சாவியை எடுத்து வீட்டுக்கு வருவார். தூங்கி எழுந்து, சாயங்காலம் வண்டியைப் பழைய இடத்தில் நிறுத்தி, சாவியை மாட்டிவிட்டு ரயில் ஏறுவார். வேலை முடிந்து வரும் மணி அதை எடுத்துக்கொள்வான். மூன்று வருடமாக ஒரு வண்டி, இரண்டு வீடு. எங்கள் பக்கம் ரயிலுக்குப் போகிறவர்கள் நிறைய பேர் இப்படித்தான்.

மணி அந்த வண்டியை விற்றுவிட்டான். வாங்கினவர் பேக்டரி குவார்ட்டர்ஸ்காரர், அவரும் ரயிலில் போகிறவர். டீக்கடை ஆணியில் மாட்டினால் சாவி பத்திரமாக இருக்கும் என்று அவருக்குச் சொல்லத் தெரிந்த மணிக்கு, எங்களிடம் ஒரு வார்த்தை சொல்லத் தெரியவில்லை. மறுநாள் இவர் வழக்கம்போல் சாவியை எடுத்துக்கொண்டு வந்துவிட்டார். வண்டியை வாங்கினவர் மத்தியானமே திரும்பி வந்து பார்த்தால் வண்டி இல்லை. போலீஸுக்குப் போய்விட்டார்.

வண்டி எங்கள் வாசலிலேயே நின்றது. இவர் உள்ளே தூங்கிக்கொண்டிருந்தார். திருடினவன் வாசலில் நிறுத்திவிட்டுத் தூங்குவானா? லுங்கியோடு இழுத்துப் போனார்கள்.

"இன்னும் எத்தினி வண்டிய எங்கடா வெச்சிகீற?" என்று அடித்தார்கள்.

மணியைக் கூப்பிட்டுக் கேட்டபோது, "எனக்கு ஒண்ணும் தெரியாது சார், நான் யாருக்கும் வண்டி குடுத்ததே இல்ல" என்று சொன்னான். தானும் மாட்டிக்கொள்வோம் என்ற பயம். அந்த வாய் எப்படி வந்தது அவனுக்கு?

பதினோரு நாள் ஜெயில், அப்புறம்தான் ஜாமீன். வேலை போனது. திருட்டு கேஸ் உள்ளவனை எந்த கேட்டில் நிற்க வைப்பார்கள்? குழாயடியில் ஒருத்தி கேட்டாள், "இன்னா அண்ணி, அண்ணன் அடுத்து காரா, லாரியா?" நான் சும்மாவே பயந்தவள். ஜீப் சத்தம் கேட்டால் கதவைச் சாத்தித் தாழ்ப்பாள் போடுவேன்.

குற்றச்சாட்டை நீக்கச் சொல்லி மனு போட்டோம். விசாரணையில் பார்க்கலாம் என்று கீழ்க் கோர்ட்டில் தள்ளிவிட்டார்கள். பெங்களூர் ஹைகோர்ட்டில் கேட்க ஒரு வக்கீலம்மா ஒப்புக்கொண்டார். "பலமா ஒரு பாயிண்ட் வேணும்மா, மணி உண்மைய சொல்வாரா?" என்றார். மணி கதவே திறக்கவில்லை.

அன்றைக்கு வெள்ளிக்கிழமை. கேஸ் காகிதங்களை அப்படியே கோயிலுக்கு எடுத்துப்போய் அம்மா முன்னால் வீசினேன். பூ இல்லை, கற்பூரம் இல்லை.

"கண்ணத் தொறந்துகினே தூங்கறியா நீ? தெனம் உன் வாசல் வழியாத்தான வண்டில வந்தாரு? நீ பாக்கல?"

"ஏம்மா, சாமிகிட்ட பேசற பேச்சா இது?" என்றார் பூசாரி.

"வேற யார்கிட்ட பேசறது? போலீஸுகிட்டயா?"

அழுது ஓய்ந்து, சிதறின காகிதங்களைப் பொறுக்கினேன். எல்லாம் கன்னடம். எனக்குக் கன்னடம் பேசினால் புரியும், படிப்பு பஸ் போர்டு அளவுதான். ஆனால் கையில் இருந்த தாளைக் கீழே வைக்க மனம் வரவில்லை. படி என்று யாரோ தலையில் தட்டினதுபோல் இருந்தது. அங்கேயே உட்கார்ந்து எழுத்துக் கூட்டினேன். டீக்கடைக்காரர் பெயர் வந்தது. அப்புறம் ‘தினாலூ’ என்று ஒரு வார்த்தை, தினமும் என்று அர்த்தம். ஆணிக்கு ‘மொளெ’ என்பார்களே, அதுவும் இருந்தது. தினமும் சேகர் ஆணியில் இருக்கும் சாவியை எடுத்துப் போவார், சாயங்காலம் திரும்ப மாட்டுவார் என்று டீக்கடைக்காரர் அன்றைக்கே சொல்லியிருக்கிறார். போலீஸே எழுதி, அவர்களே கோர்ட்டில் கொடுத்த தாள் அது! ஒரு வருடத்துக்கு மேல் அதை ஒருத்தரும் படிக்கவில்லை. எங்கள் பழைய வக்கீலும் படிக்கவில்லை. இதை நினைத்தால் இன்றைக்கும் எனக்கு உடம்பு எரிகிறது.

அந்தத் தாளை வக்கீலம்மா ஹைகோர்ட்டில் ஜட்ஜ் முன்னால் வைத்தார். "நாலு பேர் பார்க்க எடுத்துப்போய், தினமும் கொண்டுவந்து விட்டவருக்குத் திருடும் எண்ணம் எங்கே இருந்தது?" என்று ஜட்ஜ் ஐயா கேட்டாராம். இந்தத் தை மாதம் கேஸை முழுசாக ரத்து செய்துவிட்டார்கள். தாயே, உனக்கு என்ன செய்து தீர்ப்பேன்!

இவருக்கு வேறொரு கம்பெனியில் வேலை கிடைத்தது. போன வாரம் மணி வாசலில் வந்து நின்றான்.

"இன்னா அண்ணி, இன்னும் கோவமா?"

"ஆமா. உன்னப் பாத்து சிரிக்கச் சொல்லி அம்மா உத்தரவு குடுக்கல. போ."

முன்பு காட்டின இடத்தில் கையெழுத்துப் போடுவேன். இப்போது எந்தக் காகிதம் வந்தாலும் எழுத்துக் கூட்டிப் படிக்காமல் விடுவதில்லை. லைனில் மற்றவர்களும் படித்துச் சொல்லச் சொல்லி என்னிடம் நோட்டீஸைக் கொண்டுவருகிறார்கள்.

உங்களுக்கும் அநியாயம் நடந்திருந்தால் அம்மாவிடம் போங்கள். மனசு அடங்கட்டும், அப்புறம் போகலாம் என்று காத்திருக்காதீர்கள். கோபத்தோடே போய்க் கத்துங்கள். சூலம் பிடித்து நிற்கிறவள் அவள், நம் சத்தத்துக்கா முகம் திருப்புவாள்?