ரெண்டு உழக்குத் தண்ணீர்

உழக்கு என்றால் கால் படி என்று அகராதியில் போட்டு அத்தோடு முடித்துவிடுவார்கள். எந்த ஊர்ப் படி, யார் கையால் அளந்தது, தலை தட்டியா குவித்தா என்பதெல்லாம் அவர்களுக்குக் கவலையில்லை. விளாங்குடியில் மாவு மில் வைத்திருக்கிறவன் நான். எனக்குத் தெரிந்து இந்தத் தெருவில் ஒரு வீட்டு உழக்கும் அடுத்த வீட்டு உழக்கும் ஒத்துப்போனதே இல்லை. தராசு வந்து, கிலோ வந்து, எல்லாம் வந்த பிறகும் இட்லிக்கு ஊறப்போடுகிறவள் நாலு உழக்கு அரிசிக்கு ஒரு உழக்கு உளுந்து என்றுதான் சொல்கிறாள். விருந்தாளி எத்தனை பேர் என்று கேட்க வேண்டியதில்லை, எத்தனை உழக்குப் போட்டாய் என்று கேட்டால் தெரிந்துவிடும். சின்ன வீட்டுக்குள் ஆளுக்கொரு பக்கம் முறைத்துக்கொண்டு திரிந்தால் உழக்குக்குள்ளே கிழக்கு மேற்கா என்று பெரியவர்கள் கேலி பேசுவார்கள்.

மில்லை ஒட்டின வீடு முனீஸ்வரியுடையது. வாசலில் இட்லிக் கடை போட்டிருந்தாள். அவளுடைய உழக்கு பித்தளை, விளிம்பு ஒரு பக்கம் லேசாக நசுங்கியிருக்கும். அளக்கும்போது முதல் உழக்கை ஒன்று என்று சொல்ல மாட்டாள். லாபம், ரெண்டு, மூணு என்றுதான் எண்ணுவாள். களத்தில் நெல் அளக்கிற சம்சாரி வீட்டுப் பழக்கம். பக்கத்து வீட்டில் அரிசி கைமாற்று வாங்கினால் தலை தட்டி வாங்குவாள், திருப்பிக் கொடுக்கும்போது கோபுரம் மாதிரி குவித்துக் கொடுப்பாள். கொட்டிவிடும் என்று இடக்கையை அடியில் ஏந்திக்கொண்டே வருவாள். கணக்குப் பார்க்கிற பொம்பளைகளை நான் நிறையப் பார்த்திருக்கிறேன். குறைத்து அளக்கத் தெரியாத பொம்பளை அவள் ஒருத்திதான்.

அவள் புருஷன் கருத்தக்கண்ணன் பரவை மார்க்கெட்டில் மூட்டை தூக்குகிறவன். விடியும் முன்னே போய் வெயில் ஏறும்போது திரும்புவான். வந்ததும் மில் வாசலில் நின்று ஒரு செம்புத் தண்ணீரை அண்ணாந்து, மூச்சு விடாமல் குடிப்பான். தொண்டை ஏறி இறங்குவதைப் பார்த்தால் பார்க்கிறவனுக்கும் தாகம் எடுக்கும். “மாப்ள, கொடத்தோட கொண்டு வரவா?” என்று நான் கேட்பதும், கொண்டாங்க என்று அவன் சொல்வதும் தினப்படி வழக்கம். ஒரே மகள் பவதாரிணியைத் திருப்பூரில் கட்டிக்கொடுத்துவிட்டு ரெண்டு பேரும் நிம்மதியாகத்தான் இருந்தார்கள்.

அவனுக்குக் கால் வீங்கிக்கொண்டு வந்தது. மூட்டை தூக்குகிற காலுக்கு வீக்கம் வராதா என்று தைலம் தடவிக்கொண்டு திரிந்தான். முகமும் வீங்கின பிறகுதான் ஆஸ்பத்திரிக்குப் போனார்கள். ரெண்டு சிறுநீரகமும் போய்விட்டது என்றார்கள். வாரத்துக்கு ரெண்டு தடவை மிஷினில் ரத்தம் சுத்தம் செய்ய வேண்டும். உடம்பிலிருந்து தண்ணீர் வெளியே போக வழியில்லை, அதனால் ஒரு நாளைக்கு முக்கால் லிட்டருக்கு மேல் உள்ளே போகக் கூடாது என்றார்கள். மிஞ்சினால் நெஞ்சில் கோத்து மூச்சை அடைத்துவிடுமாம்.

லிட்டர் என்பது முனீஸ்வரியின் கைக்குப் பழக்கமில்லாத அளவு. வீட்டில் இருக்கிற டம்ளர் எல்லாம் கல்யாணத்துக்குக் கல்யாணம் வந்தவை, ஒன்றுபோல் ஒன்று இருக்காது. உழக்கைத் துடைத்து எடுத்துக்கொண்டு ஆஸ்பத்திரிக்கே போய்விட்டாள். நர்ஸம்மா சிரித்துக்கொண்டே அளந்து பார்த்து, இதில் ரெண்டு, அதற்கு மேல் ஒரு சின்னக் காப்பி என்று சொல்லியனுப்பினார். அன்றிலிருந்து அரிசிப் பானையில் கிடந்த உழக்கு தண்ணீர்ப் பானை மேலே ஏறியது. அரிசிக்கு அவள் ஒரு பழைய டப்பாவை வைத்துக்கொண்டாள்.

அரிசியைக் குவித்து அளக்கலாம், பாசத்தை விளிம்புக்கு மேலே வைத்துக் கொடுக்கலாம். தண்ணீரில் அது நடக்காது. விளிம்போடு நின்றுவிடும், மிஞ்சினது வழிந்துவிடும். விளிம்பு நசுங்கினதால் கொஞ்சம் குறைவாகவே நிற்கும். அந்தக் குறையைப் பார்த்து அவள் அழுததை நான் பார்த்திருக்கிறேன்.

அவனுக்கு முதலில் கேலியாகத்தான் இருந்தது. முதல் உழக்கை ஊற்றும்போது பழக்க தோஷத்தில் அவள் லாபம் என்று சொல்ல, “லாபம், ரெண்டுன்னு சொல்லிட்டுக் கடையச் சாத்திருவா மச்சான்” என்று என்னிடம் சொல்லிச் சிரித்தான். வெயில் ஏற ஏறச் சிரிப்பு போய்விட்டது. நாக்கு ஒட்டிக்கொள்ளும். எலுமிச்சம்பழத்தை முகர்ந்து பார்ப்பான். ஈரத் துணியை உதட்டில் வைத்துக்கொள்வான். வாய் கொப்பளித்துத் துப்பலாம் என்று சொல்லியிருந்தார்கள். கொப்பளிக்கும்போது அவள் பக்கத்தில் நின்று துப்புகிறானா என்று பார்ப்பாள். கட்டின புருஷனைக் களவாணி மாதிரி பார்க்க வேண்டியிருக்கிறதே என்று அவளுக்கு அவ்வளவு வேதனை. குழாயில் தண்ணீர் வரும்போது குடம் நிறைகிற சத்தம் அவன் காதில் விழக் கூடாது என்று குடத்தை என் மில்லுக்குக் கொண்டுவந்து பிடித்துக்கொள்வாள். அவன் எதிரே அவள் ஒரு மடக்குத் தண்ணீர் குடித்ததில்லை. தாகம் எடுத்தால் மில்லுக்கு வந்து, மாவு மிஷினுக்குப் பின்னால் நின்று குடித்துவிட்டு, வாயைத் துடைத்துக்கொண்டு போவாள்.

சித்திரைத் திருவிழா வந்தது. திண்டுக்கல் ரோட்டில் பத்தடிக்கு ஒரு பந்தல். தண்ணீர் கேட்காதவனையும் கையைப் பிடித்து இழுத்து நீர்மோர் கொடுக்கிற ஊர் இது. கருத்தக்கண்ணனுடைய அக்கா சின்னத்தாய் சமயநல்லூர்ப் பக்கத்திலிருந்து தம்பியைப் பார்க்க வந்திருந்தது. கிழிந்த நார் மாதிரி கிடக்கிற தம்பியைப் பார்த்து அதற்கு வயிறு எரிந்துவிட்டது. முனீஸ்வரி மாவு எடுக்க என் மில்லுக்கு வந்த நேரத்தில், காற்றாட நடந்துவிட்டு வருவோம் என்று அவனைப் பந்தலுக்குக் கூட்டிக்கொண்டு போய்விட்டது. மோர், பானகம், திரும்ப மோர். குடிக்கக் குடிக்கத் தம்பி முகம் தெளிந்ததாம். அதைச் சொல்லிச் சொல்லிப் பிறகு அழுதது அந்தம்மா.

மறுநாள் விடியும்போது அவனால் படுக்க முடியவில்லை. உட்கார்ந்தபடி மூச்சுக்குத் தவித்தான். ஆட்டோவில் நான்தான் கூடப் போனேன். பிழைத்து வந்தான். தாகத்துக்குத் தண்ணீர் கொடுத்தது ஒரு குற்றமா என்று சின்னத்தாய் தெருவில் நின்று கேட்டது. ஊர் உலகத்தில் அது குற்றமே இல்லை. அந்த ஒரு வீட்டில் மட்டும் குற்றம். முனீஸ்வரி தண்ணீர்ப் பானையைத் தூக்கிக்கொண்டு வந்து என் மில்லில் வைத்துப் பூட்டச் சொன்னாள். அதற்குப் பிறகு அவள் மனசைக் கல்லாக்கிக்கொண்டாள். அவன் கெஞ்சினாலும் கோபப்பட்டாலும் ரெண்டு என்றால் ரெண்டுதான். பாவி என்று அவன் திட்டியிருக்கிறான். திட்டட்டும், உசுரோட கிடந்து திட்டட்டும் என்று என்னிடம் சொன்னாள். அவள் கேட்டதெல்லாம் அவ்வளவுதான், அவன் உயிரோடு இருக்க வேண்டும்.

ஆனி மாதம், மிஷினுக்குப் போக வேண்டிய ஒரு நாள். அன்றைக்கு என்னவோ அவனுக்குக் காலையிலேயே பொறுக்க முடியவில்லை. ரெண்டு உழக்கையும் உச்சி வெயிலுக்கு முன்னாலேயே குடித்து முடித்துவிட்டான். ஷேர் ஆட்டோவுக்குக் காத்திருக்கும்போது மில் வாசலில் உட்கார்ந்து அவளைக் கூப்பிட்டான்.

“முனீசு, இன்னும் ஒரு உழக்கு குடு.”

“முடிஞ்சு போச்சுங்க. மிஷின்ல தண்ணி எடுத்ததும் எறங்குங்க, தாரேன்.”

“நாளைக்குப் பங்குல கழிச்சுக்க.”

அவளுக்குச் சிரிப்பு வந்துவிட்டது. நாளைக்குப் பங்கு நாளைக்கு என்று சொன்னாள். அவனும் சரி என்று தலையாட்டிவிட்டான். கோபப்படவில்லை. அவனுக்காக ஒரு பாட்டிலில் தண்ணீர் நிரப்பி, சேலை முந்தானையில் சுற்றி, அவன் கண்ணில் படாமல் எடுத்துக்கொண்டு போனாள்.

மிஷினில் போட்டுப் பாதியிலேயே அவன் நெஞ்சு நின்றுவிட்டது. எழுப்பிப் பார்த்தார்கள், எழவில்லை. எனக்குப் போன் வந்து நான் போனபோது, அவள் அந்தப் பாட்டிலை மடியில் வைத்துக்கொண்டு பெஞ்சில் உட்கார்ந்திருந்தாள்.

டாக்டர் சின்னப் பையன், நல்ல பையன். அவள் எதிரே குனிந்து ஆறுதலாகச் சொன்னார். தண்ணீரால் ஒன்றும் ஆகவில்லை, இந்த நோயில் நெஞ்சு இப்படித் திடீரென்று நிற்பது உண்டு, நீங்கள் ஒரு குறையும் வைக்கவில்லை, மனசைப் போட்டு அலட்டிக்கொள்ளாதீர்கள் என்றார். முனீஸ்வரி அவரிடம் கேட்டாள்.

“அப்ப அந்த ஒரு உழக்கு குடுத்திருந்தாலும் இதே கதிதானா சார்?”

ஆமாம்மா, அதனால் எதுவும் மாறியிருக்காது என்றார் அவர். நல்லது சொல்வதாக நினைத்துத்தான் சொன்னார். எனக்கு அவரை ஓங்கி அறைய வேண்டும் போல் இருந்தது. அவள் அழவில்லை. குடுத்திருக்கலாம், குடுத்திருக்கலாம் என்று வீடு வந்து சேரும் வரைக்கும் வாய்க்குள் சொல்லிக்கொண்டே வந்தாள்.

சின்னத்தாய் தெருமுனையிலிருந்தே மாரில் அடித்துக்கொண்டு வந்தது. தம்பி முகத்தைத் தடவிப் பார்த்துவிட்டு, “நாக்கு வறண்டு போயி அனுப்பிட்டியேடி, ஒரு வாய்த் தண்ணி குடுக்கலியேடி” என்று ஒப்பாரியோடு சேர்த்துக் கேட்டது. துக்க வீட்டுப் பந்தலில் இருந்த அத்தனை பேர் காதிலும் விழுந்தது. நோயைச் சொல்லலாம், டாக்டர் சொன்னதைச் சொல்லலாம், அந்தம்மா கொடுத்த மோரைச் சொல்லலாம். சொல்லட்டும் என்றுதான் நான் பார்த்துக்கொண்டிருந்தேன். முனீஸ்வரி தலையைத் தூக்கி, “ஆமா மதினி. குடுக்கல” என்று மட்டும் சொன்னாள். சின்னத்தாய் அழுகை அப்படியே நின்றுவிட்டது. பிறகு அந்தம்மா அவளை இழுத்து மடியில் சாய்த்துக்கொண்டது.

மறுநாள், பவதாரிணி திருப்பூரிலிருந்து வந்து சேர்ந்த பிறகு, சாயந்திரம் அவனைக் குளிப்பாட்ட நீர்மாலை எடுத்து வந்தோம். மேளம் முன்னால் போக, தலைக்கு மேலே வேட்டியை விரித்துப் பிடித்துக்கொண்டு, பங்காளிகள் குடம் குடமாகச் சுமந்து வந்தார்கள். வாசலில் பெஞ்சில் கிடத்தி, எண்ணெயும் அரப்பும் வைத்து, உறவுமுறைக்காரர்கள் ஆளுக்கு ஒரு செம்பு ஊற்றினார்கள். அதுதான் முறை. முனீஸ்வரியைக் கைத்தாங்கலாகக் கூட்டி வந்து ஒரு செம்பைக் கையில் கொடுத்தார்கள். அவள் செம்பைக் கீழே வைத்துவிட்டுக் குடத்தையே தூக்கினாள். தலையில் ஊற்றினாள், முகத்தில் ஊற்றினாள், உதட்டின் மேலே மெதுவாக ஊற்றினாள். ஒரு குடம் தீர்ந்ததும் அடுத்ததை எடுத்தாள். தண்ணீர் பெஞ்சு வழியாக இறங்கித் தெருவில் ஓடிற்று. பொழுது இறங்குது, போதும்னு சொல்லுங்கப்பா என்று பெரியவர் ஒருத்தர் முணுமுணுத்தார். யாரும் கிட்டே போகவில்லை. நான்தான் போய்க் குடத்தைப் பிடித்தேன்.

“விடுங்கண்ணே” என்றாள். “குடிக்கட்டும்.”

குடம் காலியாக இருந்தது. அதை அவள் கையிலிருந்து வாங்கிக்கொண்டு போய், மில் குழாயில் நிரப்பிக் கொண்டுவந்து கொடுத்தேன்.