திறந்து வைத்த மூடி

எங்கள் பீர்க்கூடத்தில் வாய்விட்டு பீர் கேட்டால் அவன் வெளியூர்க்காரன். உள்ளூர்க்காரன் தன் குவளையின் மூடியைத் திறந்து வைப்பான். திறந்திருந்தால் நிரப்ப வேண்டும். மூடியிருந்தால் போதும் என்று அர்த்தம். மியூனிக்கில் குழந்தைக்குக்கூட இது தெரியும்.

பீர் பரிமாறும் கிரெஸ்சென்ஸ், எங்களுக்குச் சென்ஸி, முப்பத்தோரு வருஷம் அந்த மூடிகளைப் பார்த்தே பிழைத்தவள். ஒரு நடைக்குப் பத்துக் குவளைகளை நெஞ்சோடு அணைத்துக்கொண்டு வருவாள்.

"என்ன சென்ஸி, பாதிக்கு மேல நுரையா இருக்கு?" என்று எவனாவது வம்புக்கு இழுத்தால், "நுரை பிடிக்கலேன்னா இஸார் ஆத்துல போய்க் குடி, அங்க நுரையே கிடையாது" என்பாள்.

அவளைப் பார்த்து நடுங்கிய குடிகாரர்கள் நிறைய. அவள் நடுங்கி நான் பார்த்தது ஒரே ஒரு நாள்தான். என் வேலை குவளை கழுவுவது; தொட்டிக்கு எதிரே கூடம் முழுக்கத் தெரியும்.

பீருக்குக் கசப்பு தரும் ஹாப்ஸ் பூவை எங்களுக்கு விற்றவர் பாக்ராக் ஐயா. யூதர். இருபது வருஷமாக வியாழக்கிழமை தவறாமல் அடுப்போர மேஜையில் சீட்டாடுவார். வாடிக்கையாளர்கள் தங்கள் குவளையைப் பூட்டி வைக்கும் இரும்பு அலமாரியில் அவருக்கும் ஓர் அறை உண்டு. சென்ஸியின் புருஷன் செத்தபோது சவப்பெட்டிக்குத் தோள் கொடுத்த ஆறு பேரில் அவரும் ஒருவர்.

1935 வசந்தத்தில் ஒரு வியாழன் காலை, முதலாளி லெக்னர் அவளைக் கூப்பிட்டார்.

"இனிமே பாக்ராக்குக்கு ஊத்தாதே. திட்ட வேணாம், துரத்த வேணாம். கண்டுக்காம இரு, அவரே போயிடுவார்."

"மூடியைத் திறந்து வச்சா என்ன முதலாளி பண்றது?"

"யூதருக்கு ஊத்தினா கடையையே மூடிடுவோங்கறாங்க, நாஜிப் பழுப்புச் சட்டைக்காரங்க. உனக்கு ரெண்டு புள்ளைங்க இருக்கு. வேலை வேணுமா, வேணாமா?"

மத்தியானம் பாக்ராக் ஐயா வந்தார். குவளையை எடுத்து அலசினார், தன் இடத்தில் உட்கார்ந்தார், மூடியைத் திறந்து வைத்தார். மேஜையில் இருந்த மூன்று பேரும் அவருக்குச் சீட்டுப் போடவில்லை. இருபது வருஷச் சிநேகிதர்கள்! தூ!

சென்ஸி பத்துக் குவளையோடு அந்த மேஜையைக் கடந்து போனாள். திரும்பியும் கடந்தாள். மூன்றாம் முறை கால் நகரவில்லை. கையிலிருந்த பீர் தளும்பி அவள் ஏப்ரன் நனைந்தது. கூடமே அவளைப் பார்த்தது. கல்லாவிலிருந்து லெக்னரும் பார்த்தார்.

"ஐயா..." என்றாள்.

அவர் அவள் முகத்தைப் பார்த்தார், கல்லாவைப் பார்த்தார். விஷயம் புரிந்துவிட்டது.

"புள்ளைங்க நல்லா இருக்காங்களா சென்ஸி?"

"இருக்காங்க ஐயா."

"அது போதும்மா. நீ போ, பாரம் தூக்கிட்டு நிக்காதே."

காலிக் குவளையின் மூடியைத் தன் கையாலேயே மூடினார். அலமாரியில் வைத்துப் பூட்டிவிட்டுத் தொப்பியைப் போட்டுக்கொண்டு போனார். பிறகு வரவேயில்லை. அடுத்த வருஷம் அவர் வீட்டில் வேறு யாரோ குடியிருந்தார்கள்.

போர் முடிந்து, குண்டில் இடிந்த கூடத்தைத் திரும்பக் கட்டியபின், அமெரிக்கச் சிப்பாய்கள் பழைய கதை கேட்பார்கள். லெக்னர் தயங்காமல் சொல்வார்: "இங்க யாரையும் நாங்க துரத்தினதில்லை. ஒரு யூதர் இருந்தார். அவரே மூடியை மூடிட்டுப் போயிட்டார். இதோ, சென்ஸியையே கேளுங்க, அவ பக்கத்துலதான் நின்னா."

சென்ஸி பத்துக் குவளையோடு நிற்பாள். "ஆமா, அவரேதான் மூடினார்" என்பாள். அது பொய்யில்லை. தொட்டியில் கை விட்டபடி நானும் கேட்டுக்கொண்டிருப்பேன்.