முகாரியில் ஒரு வாழ்த்துப் பாட்டு

எங்கள் அண்ணன் போய் ஓராண்டாகிவிட்டது. அவர்களைப் பற்றி எழுதச் சொல்லிப் பிள்ளைகள் கேட்டார்கள். புகழ்ந்து மட்டும் எழுத எனக்கு வராது. நாங்கள் சண்டை போட்டு வளர்ந்தவர்கள்.

அண்ணன் சேரன்மகாதேவியில் பிறந்தார்கள். அப்பா சீக்கிரமே காலமானதால், பதினைந்து வயதில் நாடகக் கம்பெனியில் சேர்ந்து, போகப்போகப் பாட்டு வாத்தியார் ஆனார்கள். அம்மாவுக்கும் எனக்கும் சோறு போட்டது அந்தப் பாட்டுத்தான்.

சுதேசிக் கலவரத்துக்குப் பிறகு நெல்லைச் சீமையில் நாலு பேர் கூடி நின்றாலே போலீஸ் விசாரிக்கும். நாடகக் கொட்டகையில்தான் ஆயிரம் பேர் சேர்ந்து உட்காரலாம். அதற்கும் ஒரு கட்டளை வந்தது. நாடகம் முடிந்ததும் சக்கரவர்த்தியை வாழ்த்திப் பாட வேண்டும்; பாட்டை முன்கூட்டியே ஸ்டேஷனில் காட்ட வேண்டும். அண்ணன் ஒழுங்காக எழுதிக் கொடுத்தார்கள். ஒரு சொல்லில் குற்றம் இல்லை, முத்திரையும் குத்தினார்கள். மெட்டு என்னவென்று யாரும் கேட்கவில்லையே! அண்ணன் அதை முகாரியில், இழவு வீட்டு அழுகைக்கு உரிய ராகத்தில், போட்டுவிட்டார்கள்.

அடடா, கொட்டகையைப் பார்த்திருக்க வேண்டும்! மேடையில் "நீடூழி வாழ்க" என்று பாடப் பாட, பெண்கள் முந்தானையால் கண்ணைத் துடைப்பார்கள். முன்வரிசைத் துரைக்கு ஒரே பூரிப்பு, சக்கரவர்த்தி மேல் இவ்வளவு பக்தியா என்று! அம்பாசமுத்திரம் போனாலும் உடன்குடி போனாலும் சனம் நாடகத்தைவிட அந்தப் பாட்டுக்குத்தான் காத்திருந்தது. மிராசுதாரும் நெசவாளியும் முஸ்லிம் வியாபாரியும் ஒன்றாக உட்கார்ந்து அழுததைப் பார்த்த பிறகுதான், நாமெல்லாம் ஒரே நாட்டார் என்பது எனக்கு உறைத்தது.

ராகம் தெரிந்த ஏட்டையா ஒருவர் ஒருநாள் வீட்டுக்கே வந்துவிட்டார்.

"வாத்தியாரே, மெட்ட மாத்தும் வே. ஒரு மோகனத்துல போட்டா என்ன? இல்லன்னா லைசென்சு போயிரும்."

"எழுத்துல தப்பு இருந்தாச் சொல்லும், திருத்துதேன். ராகத்துல கைவைக்க மாட்டேன்" என்றார்கள் அண்ணன்.

தை மாதம் எனக்குக் கல்யாணம் நிச்சயமாகியிருந்தது. "எனக்காக மாத்துங்கண்ணே" என்று அழுதேன். அண்ணன் மாற்றவில்லை.

லைசென்சு போயிற்று, கம்பெனி கலைந்தது. போலீஸ் வந்துபோகும் வீடு வேண்டாமென்று மாப்பிள்ளை வீட்டாரும் விலகிக்கொண்டார்கள். மூன்று வருஷம் நான் அண்ணனிடம் முகம் கொடுத்துப் பேசவில்லை. அந்த மூன்று வருஷமும் அவர்கள் ஊர் ஊராகப் போய்ப் பாட்டுச் சொல்லிக் கொடுத்து, வேறு நல்ல இடம் பார்த்து என்னைக் கட்டிக் கொடுத்தார்கள். மணவறையில் காலில் விழுந்தபோது, "இன்னும் கோவமா தாயி?" என்று கேட்டார்கள். பாவி நான், வாயைத் திறக்கவில்லை.

கடைசி நாட்களில் அண்ணனை அருகிருந்து பார்த்துக்கொண்ட மருமகளுக்கும், தாமிரபரணிக் கரை வரை தோள் கொடுத்த பழைய கம்பெனிக்காரர்களுக்கும் எங்கள் குடும்பம் என்றும் கடமைப்பட்டிருக்கிறது.

கோபம் இல்லை அண்ணே. நீங்கள் மாற்றியிருந்தால்தான் என்னால் பொறுத்திருக்க முடியாது.