லாபிர் பொத்திப் பிடித்த கல்

கிண்ணியாவில் லாபிரைத் தெரியாதவர்கள் குறைவு. பாலம் வருவதற்கு முன்னர் பாதை என்கிற மிதவைப் படகில் வேலை செய்து அக்கரைக்கும் இக்கரைக்கும் ஆட்களை ஏற்றி இறக்கியவர். பிறகு சங்கும் கடலட்டையும் குளித்தெடுக்கிற படகில் சேர்ந்தார். குளிப்பவர் அவரல்ல. குளிக்கிறவர் சிலிண்டரையும் கையில் ஒரு கயிற்றையும் கட்டிக்கொண்டு கீழே போனால், மேலே அந்தக் கயிற்றைப் பிடித்தபடி மணிக்கூட்டைப் பார்த்துக்கொண்டிருப்பது அவர் வேலை. அரை மணித்தியாலம் ஆனதும் கயிற்றை மூன்று தரம் இழுக்க வேண்டும். கீழே இருப்பவர் நின்று நின்று மெதுவாக ஏறி வருவார். அடியிலிருந்து ஒரேயடியாக மேலே வந்தால் இரத்தத்தில் காற்றுக் கட்டி ஆளை முடக்கிப்போடும். இது அங்கே சின்னப் பிள்ளைக்கும் தெரியும்.

ஆக, லாபிரின் தொழில் காத்திருப்பது. ஐம்பத்தொரு வயதில் அதுதான் அவருக்கு வெறுத்துப்போயிருந்தது. தலையில் வெயில், கண்ணில் தண்ணீரின் கூச்சம், கதைக்க ஒரு காக்கை கூட இல்லை.

கல்லைக் கொண்டுவந்தவன் றுவைஸ். லாபிரின் தங்கை பஸ்மியாவின் கணவன். அந்தப் படகில் குளிக்கிறவனும் அவனே. பாறை இடுக்கில் கிடந்ததாம். புளியங்கொட்டை அளவில் ஒரு பளிங்கு, உள்ளே கொஞ்சம் புகை மண்டியிருந்தது. ஊரில் யாரும் அப்படியொன்றைக் கண்டதில்லை. "வைச்சுக்கொள்ளுங்க மச்சான், மோதிரத்துல பதிக்கலாம்" என்று கொடுத்தான்.

அதன் குணம் நோன்பு மாதத்தில் வெளிப்பட்டது. ஒருநாள் பின்னேரம் அஸர் தொழுதுவிட்டுக் கல்லைக் கையில் பொத்தியபடி சாய்ந்திருந்தார். பசி ஏறுவதற்குள் நோன்பு திறக்கப் பாங்கு கேட்டது. அவருடைய மணிக்கூட்டிலோ இன்னும் ஒரு மணித்தியாலம் கிடந்தது. நேரே பள்ளிவாசலுக்குப் போய்ப் பாங்கு சொல்லும் மோதினாரைப் பிடித்துக்கொண்டார். "என்ன மோதினார், ஊரையே நோன்ப முறிக்க வைச்சிட்டீங்களே!" மோதினார் சுவர் மணிக்கூட்டைக் காட்டினார். லாபிர் அசடு வழியத் திரும்பினார்.

அடுத்த நாளும் அதே கதை. கல் கையில் இருந்தால் பொழுது பாதியாகிவிடுகிறது என்பது அவருக்கு விளங்கியது. தன்னோடு சேர்ந்து கையிலிருக்கும் மணிக்கூடும் பின்தங்குகிறது என்பது விளங்கவில்லை. மணிக்கூடு பழசு என்று முடிவுகட்டிப் புதியது ஒன்று வாங்கினார். விளங்கிக்கொள்ள மனம் வரவில்லை என்று சொன்னால் இன்னும் சரி. மீதி நோன்பை அரைப் பசியோடு முடித்தார். அது செல்லுமா என்று ஆலிமிடம் கேட்கவில்லை. கேட்டால் என்ன பதில் வரும் என்று தெரியாதவரா அவர்?

பெருநாள் கழிந்து இரண்டாம் கிழமை. றுவைஸ் தண்ணீரில் இறங்கியதும் லாபிர் முதன்முறையாகக் கடலில் வைத்துக் கல்லை எடுத்தார். கொஞ்ச நேரம்தானே, புது மணிக்கூடு இருக்கிறதே என்று பொத்திக்கொண்டார். அதில் இருபது நிமிடம் ஆனபோதே படகுக்கு முன்னால் தண்ணீர் கலங்கி றுவைஸ் வெளிப்பட்டான். அவனுக்குக் கீழே நாற்பது நிமிடம் போய்விட்டிருந்தது. சிலிண்டரில் காற்று முடிந்து, ஒரே மூச்சில் ஏறி வந்திருந்தான். படகில் தூக்கிப் போடும்போதே இடுப்புக்குக் கீழே அசைவில்லை.

"மச்சான், கயிற இழுத்தீங்களா?" அதுதான் அவன் முதலில் கேட்டது.

"மூணு தரம் இழுத்தனே" என்றார் லாபிர்.

குதிரை கீழே தள்ளியதுமல்லாமல் குழியும் பறித்ததாம். காலைப் பறித்த மனிதர் பழியையும் அவன் தலையில் கட்டிவிட்டார்.

றுவைஸ் நம்பினான். அட்டையைக் கண்ட ஆசையில் இழுத்தது தெரியாமல் நின்றுவிட்டேன் என்று ஆஸ்பத்திரியிலும் சொன்னான். தமையனை நானா என்றழைக்கும் பஸ்மியா ஊர் கேட்க ஏசினாள். "என்ட நானா மூணு தரம் இழுத்தும் வராம, ஒரு அட்டைக்காகக் காலக் குடுத்திட்டு வந்திருக்கீங்களே!" அவன் தலையைக் குனிந்துகொள்வான். லாபிர் கல்லை அலுமாரிக்குள் போட்டுவிட்டு, தினமும் வந்து அவனைத் தூக்கிக் குளிப்பாட்டினார், உடுப்பு மாற்றினார். மச்சானென்றால் இப்படி இருக்க வேண்டும் என்று அயலவர் புகழ்ந்தார்கள். அந்தப் புகழ்ச்சி அவருக்குச் செருப்படியாக விழுந்தது. தூக்கம் போனது, சாப்பாடு போனது, வாய் மட்டும் திறக்கவில்லை.

எட்டு மாதம் போயிற்று. மாரி மழை பெய்த ஒரு காலையில் றுவைஸ் தன் மகள் றுஷ்தாவுக்குப் புத்திமதி சொல்லிக்கொண்டிருந்தான். "வாப்பாவப் போல ஆசப்படக் கூடாது மகள். ஆசப்பட்டுத்தான் வாப்பா இப்படிக் கிடக்கிறன்."

வாசலில் நின்ற லாபிருக்கு அது தாங்கவில்லை. பிள்ளையை அப்பால் அனுப்பிவிட்டு, கட்டிலருகே கதிரையை இழுத்துப் போட்டு உட்கார்ந்து, கல்லிலிருந்து கயிறு வரைக்கும் எல்லாவற்றையும் கொட்டினார்.

றுவைஸ் முகட்டைப் பார்த்தபடி கேட்டான். "அப்ப கயிறு ஆடவே இல்லையா?"

"இல்ல மச்சான்."

அவன் கண்ணிலிருந்து நீர் வழிந்து காதுக்குள் இறங்கியது. "யோசிச்சு யோசிச்சுப் பாத்தன் மச்சான். கயிறு ஆடின ஞாபகமே எனக்கு வரல்ல. என்ட கையே எனக்குப் பொய் சொல்லுதெண்டு நினைச்சன்."

லாபிர் வீட்டுக்கு ஓடிப் போய்க் கல்லை எடுத்து வந்து அவன் பக்கத்தில் வைத்தார். "இதப் பொத்திக்கொண்டா பகல் பாதியாப் போகும். படுக்கை உங்களுக்குப் பாரமாத் தெரியாது."

"எனக்கு மிச்சம் இருக்கிற பகலையும் பாதியாக்கவா? மகள் இப்பதான் எழுத்துக் கூட்டிப் படிக்கிறா. இதக் கொண்டு போய்க் கடல்ல போடுங்க." றுவைஸ் முகத்தைத் துடைத்துக்கொண்டான். "பஸ்மியாவக் கூப்பிடுங்க. நான் சொல்லமாட்டன். நீங்களே சொல்லுங்க."

பஸ்மியா குசினியிலிருந்து ஈரக் கையோடு வந்தாள். லாபிர் எழுந்து நின்று சொன்னார். இரண்டாம் முறை சொல்வது இன்னும் கடினமாக இருந்தது. அவள் கத்தவில்லை. கட்டிலில் உட்கார்ந்து கணவனின் கையைப் பிடித்துக்கொண்டாள். "நான் உங்கள எவ்வளவு ஏசிட்டன்" என்று அழுதாள். அழுது முடிந்தபின், திரும்பிப் பாராமலே தமையனிடம் கதைத்தாள்.

"நாளைக்கும் வாங்க நானா. இவரத் தூக்க வேற ஆள் இல்ல. ஆனா என்னோட கதைக்க வேணாம்."

"ஓம்" என்றார் லாபிர்.