தீவுப் பூ பட்ட முண்டு

பக்கத்து வீட்டு இத்தா லட்சத்தீவுக்காரி. போன வருஷம் ஊருக்குப் போய்க் கப்பலில் திரும்பியபோது ஈரச் சாக்கில் நாலு குச்சி சுற்றிக் கொண்டுவந்தாள். எங்கள் இரண்டு வீட்டுக்கும் ஒரே முற்றம். அதன் நடுவில் ஊன்றினாள். நடுவில் என்றால் சரியாக நடுவில். என் துணிக்கயிற்றுக்கு நேர் கீழே.

பேர் கேட்டேன். தீவுப் பூ என்றாள். கடலோரத்தில் தானாக வளருமாம். இங்கேயும் தானாகத்தான் வளர்ந்தது. யாரும் தண்ணீர் ஊற்றவில்லை, நான் துணி பிழிந்த தண்ணீர் தவிர. ஆறு மாதத்தில் இடுப்பு உயரப் புதர். மேலெல்லாம் மஞ்சள் பூ, சூரியகாந்தி சிறுத்துப் போனது மாதிரி.

நான் துணி வெளுக்கிறவன். ஊரிலிருந்து கொச்சி மட்டாஞ்சேரிக்கு வந்து பதினெட்டு வருஷம். கிளிப் வைத்ததில்லை. இரண்டு கயிற்றைச் சேர்த்து முறுக்கிக் கட்டி, துணியின் முனையை அந்த இடுக்கில் செருகுவோம். ஒழுங்காகச் செருகினால் எந்தக் காற்றுக்கும் விழாது.

அன்று விழுந்தது. செருகியவன் நான்தான்.

ஏழு வெள்ளை முண்டு. பள்ளிக்கூடப் பெண்கள் ஏழு பேர் மார்கம்களி என்கிற ஆட்டம் ஆட. மறுநாள் காலை திருப்பூணித்துறையில் போட்டி. நாலு மணிக்கு டீச்சர் வந்து வாங்கிப்போவதாகப் பேச்சு. கஞ்சி போட்டுக் காயவைத்தாயிற்று. இரண்டு மணிக்குக் காற்று. ஒன்று பறந்து புதர் மேல் படுத்துக்கொண்டது.

எடுத்துப் பார்த்தேன். ஒரு முனையில் மஞ்சள் பொடி. உதறி வெயிலில் போட்டிருந்தால் பாதி போயிருக்கும். வெளுக்கிறவன் கை தண்ணீரைத்தான் தேடும். நனைத்தேன், சோப்புப் போட்டுத் தேய்த்தேன். உள்ளங்கை அளவுக்கு மஞ்சள் பரவியது. ப்ளீச் போட்டால் போகும். ஆனால் அந்த ஒன்று மட்டும் வேறு வெள்ளை ஆகிவிடும். மற்ற ஆறுக்கு நடுவில் தனியாகத் தெரியும்.

இத்தா அரிவாளோடு வந்து நின்றாள். "வெட்டிக் களையட்டா அண்ணாச்சி?"

என் மனைவி சிரித்தாள். "செடிய வெட்டினா கறை போயிருமா இத்தா? அரிவாள அங்கிட்டு வையி. சாயா குடிச்சிட்டுப் போ."

 நான் இஸ்திரிப் பெட்டியில் கரி போட்டேன். இந்த முண்டுக்குப் பின்பக்கம் விசிறி மாதிரி கொசுவம் வரும். அதை மடித்துத் தேய்த்துத்தான் கொடுப்போம். கறையை அந்தக் கொசுவத்தின் உள்மடிப்பில் வைத்து அழுத்தித் தேய்த்தேன். வெளியே ஒன்றும் தெரியவில்லை.

"பின்னாடிதானே. சொல்லாதீங்க" என்றாள் மனைவி.

நாலு மணிக்கு டீச்சர் வந்தாள். எண்ணினாள். ஏழு. சிரித்தாள். அந்தச் சிரிப்பைப் பார்த்துவிட்டுச் சும்மா இருக்க முடியவில்லை.

"ஒண்ணு சரியில்ல டீச்சர்."

"எது?"

பிரித்துக் காட்டினேன். முகம் மாறியது.

"கொசுவத்துக்குள்ள மறைச்சிருக்கேன். பின்பக்கம். யாரு பாக்கப் போறா" என்றேன்.

"அண்ணாச்சி மார்கம்களி கண்டிட்டுண்டோ?"

"இல்ல."

பையைக் கயிற்றுக் கம்பத்தில் மாட்டினாள். துப்பட்டாவை மடித்து இடுப்புக்குப் பின்னால் செருகினாள். "இத்தா வா. சேச்சியும் வா. இந்தச் செடிதான் நடுவில வைக்கிற விளக்கு."

மூன்று பேரும் புதரைச் சுற்றினார்கள். டீச்சர் கைதட்டிப் பாடினாள். இத்தா எதிர்ப்பக்கம் சுற்றி என் மனைவி மேல் மோதினாள்.

"கப்பல்ல வந்தவளுக்குத் திசை தெரியாதா?" என்றாள் மனைவி.

"கப்பல ஓட்டினது ஞானில்லல்லோ" என்றாள் இத்தா.

"இனி பாருங்க அண்ணாச்சி" என்று டீச்சர் குனிந்தாள். செருகிய துப்பட்டா பின்னால் விரிந்தது. "எல்லாரும் விளக்கப் பார்த்துத்தான் ஆடும். ஜட்ஜு இருக்கிறது வெளிய. அவங்க காணுறது முழுக்க முதுகு. குனிஞ்சா விசிறி விரியும். உங்க கறைதான் முதல்ல தெரியும்."

பாடுபட்டு மறைத்து, பார்க்கிறவர்களுக்கு நேராக வைத்திருந்தேன்.

"ஒரு மணி நேரம் கொடுங்க" என்றேன்.

கொசுவத்தை முழுக்கப் பிரித்தேன். தண்ணீர் தெளித்துப் பழைய மடிப்பைக் கொன்றேன். துணியைத் தலைமாற்றிப் போட்டு மறுமுனையில் கொசுவம் பிடித்தேன். இனி இடுப்பில் சுற்றும்போது கறை பட்ட முனை முதலில் உள்ளே போய்விடும், காலோடு ஒட்டி. அதன் மேல் மூன்று சுற்று வரும். மனைவி கரியை விசிறினாள். இத்தா ஓரம் பிடித்தாள். டீச்சர் படியில் உட்கார்ந்து வாட்சைப் பார்த்தாள், செடியைப் பார்த்தாள், மறுபடி வாட்சைப் பார்த்தாள்.

ஐந்தேகாலுக்கு முடிந்தது. டீச்சர் அதை விரித்து, தன் மேல் சுற்றிக்கொண்டு, குனிந்து, "முதுகில என்ன தெரியுது?" என்று கேட்டாள்.

"வெள்ளை" என்றேன்.

ஏழு முண்டுகளையும் கையில் ஏந்திக்கொண்டு ஆட்டோவில் போனாள்.

மறுநாள் மத்தியானம் போன் வந்தது. இரண்டாம் இடம்.

"அந்த முண்டாலயா?" என்றேன்.

"முண்டுல ஒண்ணும் தெரிஞ்சில்ல அண்ணாச்சி. வேற ஒருத்தி அடி தெற்றிச்சு."

மனைவியிடம் சொன்னேன்.

"அடி தப்பினவ முண்டு வெள்ளையாத்தானே இருந்துச்சு?"

"ஆமா."

"பெறகென்ன" என்று கஞ்சிப் பானையைக் கழுவப் போனாள்.