மயிலிறகு வைத்த போலந்துத் தொப்பி

கார்த்திகேசு அண்ணன் பல் துலக்கும்போதும் பக்கவாட்டில்தான் ஓடுகிறார். கேட்டில் ஆரம்பித்துக் காரைச் சுற்றி, பூந்தொட்டியில் இடித்து, வாயில் நுரையோடு திரும்புவார். மலேசியாவில், ஈப்போவை ஒட்டிய குனோங் ராபாட்டில் எங்கள் வரிசை வீடுகளுக்குக் காலைக் காட்சி இதுதான். போலந்து நாட்டு ஆட்டமாம்.

லாரிக்கு டயர் மாற்றுகிற மனிதருக்கு எதற்கு இந்த வேலை? மகன் பவித்ரன் போலந்தில் மருத்துவம் படிக்கிறான். அவன் தங்கியிருக்கும் வீட்டுக்காரம்மா, உக்ரைன் போருக்குத் தப்பி வந்த ஒரு தாயையும் பிள்ளைகளையும் சேர்த்துக்கொண்டிருக்கிறார். "அந்தம்மா எல்லாருக்கும் ஆக்கிப் போடுதுலா. என் பிள்ளையும் அந்த மேசையிலதான் சாப்பிடுறான். நாம சும்மா இருந்தா நல்லாவா இருக்கு?" என்றார் அண்ணன். ஈப்போவில் வாழும் போலந்துப் பெண்மணி ஹலினா, போரில் வீடிழந்த பிள்ளைகளுக்காக நடன நிகழ்ச்சி நடத்துகிறார் என்று கேள்விப்பட்டதும் அதில் ஆடப் பெயர் கொடுத்துவிட்டார்.

ஆட்டத்துக்கான தொப்பி வந்தது. வினையும் கூடவே வந்தது. சிவப்புத் துணி, நாலு மூலை, உச்சியில் மயிலிறகு. தைப்பூசத்துக்குக் காவடி எடுக்கிறவர் சும்மா விடுவாரா? தொப்பி பூசையறையில் முருகனுக்குப் பக்கத்தில் ஏறியது. அவர் மனைவி நவமணி அதற்கும் சூடம் காட்டினார். வீட்டில் மீன் சமைப்பது நின்றது. அவர்கள் வீட்டுப் பூனை எங்கள் வீட்டுக்குக் குடிவந்தது.

"மயிலிறகு தலையில ஏறுனா கால்ல ஒண்ணும் இருக்கக் கூடாதுலா" என்று ஒத்திகைக்கு வெறுங்காலோடு போனார். அதுவோ பூட்ஸின் குதியைத் தரையில் தட்டி ஆடுகிற ஆட்டம். ஜோடியாக ஆடிய ஹலினா மிதித்ததில் அண்ணனின் கட்டைவிரல் கத்தரிக்காய் நிறத்துக்கு வந்தது. காரணத்தை எவ்வளவு விளக்கியும் ஹலினா மசியவில்லை. "தா போலே!" முடியாது என்று மலாயில் ஒரே போடாகப் போட்டார். பூட்ஸ் இல்லாவிட்டால் மேடை இல்லை.

அண்ணனுக்குச் சோறு இறங்கவில்லை. பார்க்கப் பாவமாகவும் இருந்தது, சிரிப்பாகவும் வந்தது.

"தொப்பி இல்லாம ஆடுங்களேன் அண்ணே."

"அது அவங்க மரியாதைலா. கழட்டலாமா?"

"அப்ப இறகை மட்டும்..." என்று இழுத்தேன். அவர் முறைத்த முறைப்பில் பூனையும் நானும் உள்ளே போய்விட்டோம்.

நிகழ்ச்சியன்று மண்டபம் நிறைந்துவிட்டது. அக்கார்டியன் ஒலிக்கத் தொடங்கியது. மேடை ஓரத்தில் தலையில் தொப்பியும் கையில் பூட்ஸுமாக அண்ணன் நின்றார். எதிரே, இடுப்பில் கைவைத்தபடி ஹலினா.

"முருகா, கோவிச்சுக்காத. என் பிள்ளை அங்க சாப்பிடுறான்" என்று முணுமுணுத்தபடி அண்ணன் பூட்ஸைக் கீழே வைத்து, தொப்பியை இரு கைகளாலும் எடுத்துக் கண்ணில் ஒற்றினார். தரையில் வைக்க மனம் வரவில்லை. ஹலினாவின் தலையில் வைத்துவிட்டு, பூட்ஸுக்குள் காலைத் திணித்தார்.

ஹலினா மயிலிறகைத் தடவிப் பார்த்தார். பிறகு குனிந்து, தன் பூட்ஸின் நாடாவை அவிழ்க்கத் தொடங்கினார்.