இரண்டு திகதிகளில் செத்தவர்

1995 ஆகஸ்ட் மாதத்துக் கடிதம் அது. நியூசிலாந்தின் ஒக்லாந்தில் அகதி விண்ணப்பங்களைப் பார்க்கும் அலுவலகம் ஒரு பெண்ணுக்கு அனுப்பிய மறுப்புக் கடிதம். அதன் நகல் இன்றும் என் தடித்த மட்டைக் கொப்பிக்குள் ஒட்டியிருக்கிறது. பதினேழாவது பந்தியில் அவர்கள் எழுதியிருந்தது இதுதான். 1994இல் நிரப்பிய படிவத்தில் கணவர் இறந்த நாள் 1987 ஜூன் 10 என்று இருக்கிறது. 1995இல் நடந்த நேர்காணலில் அதே நாளை மே 30 என்கிறார். ஜூன் 10 அன்று யாழ்ப்பாணத்து வடமராட்சியில் சண்டை நடந்ததாகப் பதிவில்லை. சண்டை எப்போது நடந்தது என்பதைப் பிறகு அறிந்துகொண்டு அவர் திகதியை மாற்றியிருக்கக்கூடும். ஆகவே அவரை நம்ப முடியவில்லை.

அந்தப் பெண் நியூ லின்னில், எங்கள் வீட்டுக்கு இரண்டு தெரு தள்ளி, இரண்டு பெண் பிள்ளைகளுடன் ஓர் அறை வீட்டில் வாடகைக்கு இருந்தாள். காலையில் கடைத்தொகுதியில் கூட்டித் துடைக்கும் வேலை. கடிதத்தைக் கொண்டுவந்து என் மேசையில் வைத்துவிட்டு நின்றாள். இருக்கச் சொல்லியும் இருக்கவில்லை.

"அண்ணை, நான் பொய் சொன்னனான் எண்டு எழுதியிருக்கினமாம். மூத்தவள் வாசிச்சுச் சொன்னவள்."

பத்து வயதுப் பிள்ளை தாயைப் பொய்க்காரி என்று எழுதிய கடிதத்தை வாசித்துத் தாய்க்கு மொழிபெயர்க்க வேண்டியிருக்கிறது. எனக்கு உடம்பெல்லாம் எரிந்தது. ஆனாலும் நான் திகதிகளோடு வாழ்கிறவன். முதலில் கேட்டது திகதியைத்தான்.

"ஏன் தங்கச்சி ரண்டு நாள் சொன்னனீங்கள்?"

"ரண்டும் சரிதானே. போன வருசம் ஜூன் பத்து, இந்த வருசம் மே முப்பது. அண்டைக்குத்தானே படைச்சு விளக்குக் கொளுத்தினனான்."

எனக்கு விளங்கிவிட்டது. அவள் சொன்னது திவச நாள். வைகாசி மாதம், அமாவாசை கழிந்த பிரதமைத் திதி. திதி ஒவ்வொரு வருடமும் இங்கிலீஷ் கலண்டரில் வேறொரு நாளில் வந்து விழும். "உங்க வீட்டுக்காரர் இறந்த நாள் எது?" என்று மொழிபெயர்ப்பாளர் கேட்டிருக்கிறார். அவளும் கிட்டத்தில் நினைவு நாள் செய்த திகதியைச் சொல்லியிருக்கிறாள். எங்களில் யாரைக் கேட்டாலும் பாதிப்பேர் அப்படித்தான் சொல்லியிருப்பார்கள். உண்மையைச் சொன்னதற்காக அவளைப் பொய்க்காரி ஆக்கியிருந்தார்கள். மேல்முறையீட்டில் தோற்றால் அவளும் பிள்ளைகளும் திரும்பிப் போகவேண்டும். ஏப்ரலிலேயே பேச்சுவார்த்தை முறிந்து மறுபடி போர் தொடங்கியிருந்த நாட்டுக்கு.

"நான் பாத்துக்கொள்ளுறன்" என்றேன். பெருமையோடுதான் சொன்னேன். 1983இலிருந்து ஒரு நாளும் விடாமல் எழுதிவந்தவன் நான். கொழும்பில் அரசாங்கக் கந்தோரில் லிகிதராக இருந்த காலத்துக் கொப்பிகளையும், உடுப்பைக் குறைத்துக்கொண்டு, பெட்டியில் போட்டு இங்கே கொண்டுவந்தவன். மனைவி என்னை 'செத்த ஆக்களின்ர கலண்டர்' என்று பகிடி பண்ணுவாள். அன்று அவள்தான், "இப்பவாவது அந்தக் குப்பையால ஒரு சீவனுக்குப் பிரயோசனம் வரட்டும்" என்று பெட்டியை இறக்கித் தந்தாள்.

1987 மே மாதத்தைத் திறந்தேன். மே 26: வடமராட்சியில் இராணுவ நடவடிக்கை தொடக்கம். மே 28: "மூன்றாம் நாள். திட்டப்படி நடக்கிறது." அவ்வளவுதான். என் கையெழுத்து. தணிக்கை செய்யப்பட்ட பத்திரிகை சொன்னதை அப்படியே, மேற்கோள் குறிகூடப் போடாமல் எழுதியிருந்தேன்.

பக்கங்களைப் புரட்டினேன். ஜூலை 29, இந்திய-இலங்கை ஒப்பந்தம் கைச்சாத்தான நாளுக்கு நான்கு பக்கம். எந்த மேசை, யார் எந்தப் பக்கம் இருந்தார்கள், எந்த விதியில் என்ன சொல்லியிருக்கிறது, ஊர்வலம், ஊரடங்கு, எல்லாம் இருந்தது. அந்த ஒப்பந்தத்துக்கு வழிவிட்ட சண்டையில் செத்த சனத்துக்கு என் கொப்பியிலும் ஒரு வரி இல்லை. பதினேழாவது பந்தியை எழுதிய அதிகாரி மீது பாய இருந்த எனக்கு, என் சொந்தக் கொப்பியும் அதே பந்தியைத்தான் எழுதியிருக்கிறது என்று தெரிந்தபோது, கோபத்தை எங்கே வைப்பதென்று தெரியவில்லை.

அந்தச் சனிக்கிழமை கிளென்ஃபீல்டில் ஒரு பள்ளிக்கூட மண்டபத்தில் எங்கள் ஆட்களின் ஒன்றுகூடல். வடமராட்சியில் இருந்தவர்கள் யாராவது சாட்சி எழுதித் தருவார்களா என்று கேட்கப் போனேன். வடை வரும் வரைக்கும் இரண்டு பேர் மேசையில் கோப்பைகளை வைத்து அந்தச் சண்டையை மறுபடி நடத்தினார்கள்.

"அது தோல்வி இல்லை, தந்திரமாப் பின்வாங்கினது."

"ஓமோம், சனத்தை விட்டிட்டுப் பின்வாங்கிறதுக்குப் பேர் தந்திரம்!"

"நீர் அப்ப கொழும்பில ஏசிக்குள்ள இருந்தனீர், உமக்கென்ன தெரியும்?"

"நீர் மட்டும்? நீர் அப்ப ஜேர்மனியில!"

எல்லோரும் சிரித்தார்கள். நான் கேட்டதும் சிரிப்பு நின்றது. சாட்சி எழுதினால் ஊரில் இருக்கும் சொந்தத்துக்குக் கரைச்சல் வரும் என்றார் ஒருவர். மற்றவர், மகன்ர மோட்கேஜ் விசயம் ஒன்று இருக்குது, பிறகு கதைப்பம் என்றார். வென்றது யார் என்று சொல்ல அங்கே முப்பது பேர் இருந்தார்கள். இன்னார் செத்தது உண்மை என்று சொல்ல ஒருவரும் இல்லை.

ஆகவே மறுபடி அவளிடமே போனேன். நடந்ததை முதலிலிருந்து சொல்லும்படி கேட்டேன். கோயிலுக்குள் போய் இருக்கச் சொல்லி இராணுவம் அறிவித்தது, இவர்களும் போனார்கள். சின்னவளுக்குப் பால்மா எடுக்க வீட்டுக்குப் போன கணவர் குறுகிய ஒழுங்கையில் பீரங்கிச் செல் விழுந்து செத்தார். சுடலைக்குக் கொண்டுபோக முடியவில்லை. வீட்டு வளவிலேயே எரித்துவிட்டு, தென்மராட்சிக்கு நடந்தார்கள். மரணச் சான்றிதழ் கொடுக்கக் கந்தோரும் இல்லை, கிராமத்துக்கு விதானையும் இல்லை. திதியைப் பிறகு முப்பத்தோராம் நாள் அந்தியேட்டிக்கு வந்த ஐயர் பார்த்துச் சொன்னார்.

"வேற ஏதும் ஞாபகம் இருக்கோ? ஆருக்கும் தெரிஞ்ச ஒரு விசயம்?"

"எட்டாம் நாள் படைக்கிற எட்டுச் செலவு அண்டைக்குத்தான் அண்ணை இந்தியா பிளேன் வந்தது."

பேனையைக் கீழே வைத்தேன். இந்திய விமானங்கள் உணவுப் பொட்டலம் போட்ட நாள் உலகத்துக்கே தெரியும். 1987 ஜூன் 4, வியாழக்கிழமை. அதை எட்டாம் நாளாக வைத்து, செத்த நாளையும் சேர்த்துப் பின்னோக்கி எண்ணினால் மே 28. அந்த வருடத்துப் பஞ்சாங்கம் என்னிடம் இல்லை. கொப்பியில் குறித்திருந்த வெசாக் பௌர்ணமிப் போயா விடுமுறையிலிருந்து பிறையை எண்ணிப் பார்த்தேன். ஒரு நாள் முன்பின்னாக அதுவும் அங்கேதான் வந்து நின்றது. 1994, 1995 கலண்டர்களைப் பக்கத்தில் வைத்து, வைகாசிப் பிரதமை எப்படி ஜூன் 10க்கும் மே 30க்கும் ஓடுகிறது என்று ஒரே தாளில் எழுதி அவளுடைய வழக்கறிஞரிடம் கொடுத்தேன்.

மேல்முறையீட்டு விசாரணை நவம்பரில் நடந்தது. அதற்குச் சில நாட்களுக்கு முன்னர்தான், ஒக்டோபர் 30 அன்று, யாழ்ப்பாணமே மழைக்குள் இடம்பெயர்ந்து நடந்திருந்தது. அந்தச் செய்தியோடு, பிள்ளைகளின் சப்பாத்தை மண் போகத் துடைத்து, அவர்களைப் பள்ளிக்கூடம் அனுப்பிவிட்டு, அவள் வந்திருந்தாள். எனக்குப் பின்வரிசையில் இருக்க அனுமதி தந்தார்கள்.

"விமானத்தை நீங்களே பார்த்தீர்களா?" என்று விசாரித்தவர் கேட்க, மொழிபெயர்ப்பாளர் தமிழில் சொன்னார்.

"சத்தம்தான் கேட்டது. படைக்கிறதுக்கு வைச்ச சோத்தை அப்பிடியே விட்டிட்டுப் பங்கருக்குள்ள ஓடினம். குண்டு எண்டுதான் நினைச்சம். வெளிய வந்து பாத்தா வாழையிலையைக் காகம் கிளறி வைச்சிருக்கு. பிறகுதான் ஆக்கள் சொல்லிச்சினம், போட்டது குண்டில்லையாம், பருப்பாம்."

விசாரித்தவர் எழுதுவதை நிறுத்தி அவளைப் பார்த்தார். பிறகு என் தாளைப் பார்த்தார்.

டிசம்பரில் முடிவு வந்தது. அவளை ஏற்றுக்கொண்டார்கள். இரண்டு திகதிகளுக்கும் தந்த விளக்கம் ஏற்கத்தக்கது, விமானங்கள் வந்த நாள் சுயாதீனமாகப் பதிவாகியிருக்கிறது என்று எழுதியிருந்தார்கள். அவள் அழுதாள். என் மனைவி அவளுக்குத் தேத்தண்ணி போட்டாள். மூத்தவள் இந்தக் கடிதத்தையும் வாசித்தாள், இந்த முறை சத்தமாக.

நான் சந்தோசப்பட்டேன். ஆனால் விமானங்கள் வந்த நாள் பதிவாகியிருக்கிறது என்ற அந்த வரி இன்றுவரைக்கும் நெஞ்சில் தைக்கிறது. ஒழுங்கையில் செத்த மனிதனுக்குச் சாட்சி இல்லை. அவனைக் கொன்ற அரசாங்கம் அவனை எழுதவில்லை. அவனுக்காகச் சண்டை பிடிப்பதாகச் சொன்னவர்கள் எழுதவில்லை. நானும் எழுதவில்லை. எட்டாம் நாளில் இன்னொரு நாடு தன் பலத்தைக் காட்டப் போட்ட பருப்பு மூட்டைக்குத்தான் உலகத்தில் பதிவு இருந்தது. அந்த மூட்டையைப் பிடித்துக்கொண்டுதான் அவன் செத்தது உண்மையானது.

விசாரணைக்கு முன்னரே, உறுதிசெய்து தரும்படி அவளுடைய கணவரின் தமையனுக்கு எழுதியிருந்தேன். கொழும்பு லொட்ஜ் ஒன்றிலிருந்து அவருடைய பதில் 1996 மார்ச்சில்தான் வந்து சேர்ந்தது. எட்டுச் செலவன்று விமானம் வந்தது உண்மை என்கிறார். ஆனால் எட்டாம் நாள் வெள்ளிக்கிழமையாக இருந்தபடியால், வெள்ளியில் செய்யக்கூடாதென்று பெரியவர்கள் சொல்லி, ஒரு நாள் முந்தி வியாழனே செய்து முடித்தார்களோ என்று தனக்கு ஓர் ஐயம் இருக்கிறது என்றும் எழுதியிருந்தார். அப்படியானால் சாவு மே 29. ஐயருக்குச் சொன்ன நாளும் பிழையாக இருக்கலாம்.

கடிதத்தை அவளிடம் வாசித்துக் காட்டினேன்.

"அப்ப நான் இவ்வளவு காலமும் பிழையான நாளிலயோ விளக்குக் கொளுத்தினனான்?"

"தெரியேல்ல தங்கச்சி."

"இனி எந்த நாள் கொளுத்த?"

ஐயர் சொன்ன நாளையே வைத்துக்கொள்ளுங்கள் என்றேன். வீட்டுக்கு வந்து, 1987 கொப்பியில் "திட்டப்படி நடக்கிறது" என்ற வரியை அழிக்காமல், அதன் பக்கத்தில் வேறு மையால் எழுதினேன்: வடமராட்சியில் ஓர் ஒழுங்கையில், பால்மா எடுக்கப் போன வழியில், இரண்டு பெண் பிள்ளைகளின் தகப்பன், செல் விழுந்து இறந்தார். மே 28, அல்லது 29. எது என்று இன்னும் உறுதிப்படுத்த முடியவில்லை.